ஒழுகும் கூரைக்கு முழு வாடகையா?



சாலையில் ஓட லாரியும் மோட்டார் சைக்கிளும், நேரம் காட்டக் கைக்கடிகாரமும் நாட்டுக்குச் செய்து தரும் ஊர் ஓசூர். 1970-களில் சிப்காட் தொழிற்பேட்டை எழுந்தது, ஊர் வளர்ந்தது, 2019-இல் மாநகராட்சியும் ஆயிற்று. ஆனால் அந்தப் பண்டங்களைச் செய்யும் தொழிலாளி இரவில் எங்கே தலை சாய்க்கிறான்?

ஜூஜூவாடியிலும் சூளகிரியிலும் வரிசை வீடுகளைப் பாருங்கள். சுவரிலே வெடிப்பு, கூரையிலே ஒழுக்கு, தொட்டால் அதிரும் மின்கம்பி. வாடகை மட்டும் தேதி தவறாமல் கேட்கப்படுகிறது. பண்டம் கெட்டால் விலை குறையும். வீடு கெட்டால் வாடகை குறையாதாம்! இது என்ன நியாயம்?

வெள்ளையர் காலத்து 1882-ஆம் ஆண்டுச் சொத்து மாற்றுச் சட்டமே ஓர் உரிமையைத் தந்தது. பழுதுபார்க்கக் கடமைப்பட்ட உரிமையாளர், அறிவிப்புப் பெற்றும் வாளாவிருந்தால், குடியிருப்பவர் தாமே பழுது நீக்கி, செலவை வட்டியோடு வாடகையில் கழித்துக்கொள்ளலாம். ஆனால் கடமை யாருடையது? அதை ஒப்பந்தத்துக்கு விட்டுவிட்டது அச்சட்டம். ஒப்பந்தத்தை எழுதுபவரோ உரிமையாளர்!

135 ஆண்டுகள் கழித்து, 2017-இல் தமிழகம் இயற்றிய வாடகைச் சட்டம் 2019-இல் நடைமுறைக்கு வந்தது. கட்டட அமைப்பின் பழுதும், வெள்ளையடிப்பதும், குழாய் மாற்றுவதும், மின்கம்பிச் சீரமைப்பும் உரிமையாளர் பொறுப்பென்று அட்டவணையிட்டது. அவர் மறுத்தால் குடியிருப்பவர் செய்து கொண்டு, மாத வாடகையில் பாதிக்கு மேற்படாமல் கழிக்கலாம். அதற்காகத் தண்ணீரையோ மின்சாரத்தையோ துண்டிக்க உரிமையாளருக்கு அதிகாரம் இல்லை.

எச்சரிக்கை ஒன்று உண்டு. சினங்கொண்டு வாடகையை முற்றாக நிறுத்திவிடாதீர்கள்! இரண்டு மாதப் பாக்கி, வெளியேற்ற வழக்குக்கு வழி திறந்துவிடும். எழுத்திலே கேளுங்கள்; செலவுச் சீட்டை வைத்திருங்கள்; கழித்தது போக மீதியைச் செலுத்துங்கள்.

"வீட்டுக்காரரும் ஏழைதானே?" என்பர் சிலர். உண்மை, நிலத்தைத் தொழிற்பேட்டைக்குத் தந்துவிட்டு, நான்கு அறை கட்டிப் பிழைப்போரும் அவருள் உண்டு. அவரைப் பகைக்கச் சொல்லவில்லை. வாங்கும் வாடகையில் ஒரு பங்கு அந்தக் கூரைக்கும் சேரவேண்டும் என்கிறோம், அவ்வளவே.

ஆயினும் சட்டம் ஏட்டிலே உறங்குகிறது. ஏன்? வாடகை ஒப்பந்தத்தை எழுத்தில் செய்து, வாடகை அதிகாரியிடம் பதிய வேண்டும் என்கிறது சட்டம். வாய்ச்சொல்லை நம்பிக் குடியேறிய தொழிலாளி என்ன செய்வான்? பீகாரிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் வந்து, தமிழ் எழுத்தறியாத நம் தோழன் எதைக் காட்டுவான்?

1915-இல் கிளாஸ்கோ நகரில், கப்பல் கட்டும் தொழிலாளர் வாழ்ந்த கோவன் பகுதியில், மேரி பார்பர் தலைமையிலே பெண்கள் வாடகை உயர்வை எதிர்த்துத் திரண்டனர். அவ்வாண்டே பிரிட்டிஷ் நாடாளுமன்றம் வாடகையைக் கட்டுப்படுத்தச் சட்டம் செய்தது. தனியொருவர் முறையிட்டால் பாக்கிக்காரர் என்பர். தெருவே திரண்டால் கோரிக்கை என்பர்!

ஆகவே தோழர்களே, தொழிற்சங்க அலுவலகந்தோறும் ஒப்பந்தம் எழுதித்தரவும் பதிந்துதரவும் ஒருவர் அமரட்டும். தொழிற்பேட்டைப் பகுதிக்கே வந்து அதிகாரிகள் பதிவு செய்யட்டும் என்று அரசை வலியுறுத்துவோம். கூலிக்குப் போராடிய நாம், அந்தக் கூலியில் வாடகையாகப் போகும் பங்குக்கும் கணக்குக் கேட்போம்!