டீச்சர் கண் போனில்! பிள்ளையை யார் பார்ப்பது?

காலை எட்டேகால் மணி. 29சி பஸ்சில் நிற்க இடமில்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு ஒரு டீச்சரம்மா. இன்னொரு கையில் செல்போன். விரல் படபடவென்று ஓடுகிறது.

"என்னம்மா அவசரம்?" என்றேன்.

"நேத்து ஏத்தின கணக்கு ஏறவே இல்லை சார். பிரேயருக்கு முன்னாடி முடிச்சாகணும்!"

'எமிஸ்' என்று ஒன்று. அரசுப் பள்ளி வாத்தியார்களைக் கேளுங்கள், கதை கதையாகச் சொல்வார்கள். பிள்ளைகள் வருகை அதில். புத்தகம், சீருடை கொடுத்த கணக்கு அதில். உயரம், எடைகூட அதில்! 2022-ல் 'எண்ணும் எழுத்தும்' வந்தபோது சின்னஞ்சிறுசுகளின் மதிப்பீடும் போனுக்குள் போனது. எல்லாரும் ஒரே நேரத்தில் ஏறினால் சர்வர் படுத்துக்கொள்ளும். டீச்சர் போனைத் தட்டிக்கொண்டிருப்பார். முன் பெஞ்சுப் பையன் சாப்பிடாமல் வந்து முகம் வாடி உட்கார்ந்திருப்பான். அதைப் பார்க்க ஏது நேரம்?

2023-ல் ஆசிரியர் சங்கங்கள் கொடி பிடித்தபோது இதுவும் ஒரு கோரிக்கை. பாரத்தைக் குறைப்போம் என்று அரசும் சொன்னது.

தனியார் பள்ளி மட்டும் வாழ்கிறதா?

எங்கள் தெருப் பெட்டிக்கடைக்காரருக்கு ஏழாவது படிக்கும் மகள். வீட்டுப்பாடம் வாட்ஸ்அப்பில்தான் வரும். வீட்டில் இருப்பதோ ஒரே போன். அது கடையில். சிகரெட், வாழைப்பழம், எல்லாவற்றுக்கும் காசு அதில்தானே விழுகிறது! ராத்திரி பத்து மணிக்குக் கடை சாத்தி அப்பா வரும்வரை அந்தக் குழந்தை நோட்டை விரித்து வைத்துக்கொண்டு காத்திருக்கிறது. எழுதி முடிக்க மணி பதினொன்று. காலையில் வகுப்பில் தூங்கி விழுந்தால் திட்டு!

அனுப்பிய டீச்சருக்காவது தூக்கம் உண்டா? "மிஸ், எந்தப் பக்கம் மிஸ்?" என்று பெற்றோர் கேள்வி நடுராத்திரிவரை.

2020-ல் பள்ளிகளைப் பூட்டிய நாளில் செல்போன் கைகொடுத்தது. மறுக்கவில்லை. 2021-லேயே பள்ளிகள் திறந்தாச்சே, ஐயா! இன்னும் ஏன் ராத்திரி வகுப்பு?

கணக்கு ஏற்றத் தனி ஆள் போடட்டும். செலவாகும் என்பார்கள். ஆகட்டுமே! டீச்சருக்குச் சம்பளம் கொடுப்பது டைப் அடிக்கவா?

வீட்டுப்பாடத்தை மணி அடிப்பதற்குள் போர்டில் எழுதிப் போடுங்கள். பிள்ளைகள் டைரியில் எழுதிக்கொள்ளும். சாக்பீஸ் என்ன, அத்தனை விலையா விற்கிறது?