கொல்லிமலையைக் கொடுத்தது யார்?

ஆடி 17, 18 வந்தால் செம்மேட்டில் பந்தல் எழும்புகிறது. வல்வில் ஓரிக்கு சர்க்கார் விழா. மாலை, மேளம், பிரசங்கம், எதற்கும் குறைவில்லை. ஆனால் ஓரியின் கொடையைப் புகழ்கிறவர்கள் கதையின் பிற்பாதியைச் சொல்வதில்லை. மலையமான் காரி ஓரியைக் கொன்று, கொல்லிமலையைச் சேரனிடம் ஒப்படைத்தான் என்பது சங்கப் பாட்டின் செய்தி. மலையில் உழைத்தவனைக் கேட்டுவிட்டுக் கொடுத்ததாகப் பாட்டில்லை.

1792 மார்ச்சில் இதே கதை மறுபடியும் நடந்தது. சீரங்கப்பட்டணத்தில் திப்புவைத் தோற்கடித்த வெள்ளையர், அவர் ராஜ்யத்தில் பாதியை உடன்படிக்கையில் எழுதி வாங்கினர். பாராமகாலும் சேலத்துச் சீமையும் கம்பெனி கைக்குப் போயின. கொல்லிமலையும் கூடவே போயிற்று. கர்னல் ரீடும் அவருக்குக் கீழே மன்றோவும் வந்து அளந்தார்கள், வரி போட்டார்கள். 1882 சென்னை வனச் சட்டத்துக்குப் பின் காடும் ‘ரிசர்வ்’ ஆயிற்று. பாட்டன் காட்டில் பேரன் அத்துமீறியவன் ஆனான்.

“அது பழங்கதை, இப்போது மலையாளி ஜனங்கள் மனமொப்பித்தானே கிரயம் எழுதித் தருகிறார்கள்? கைநாட்டு இருக்கிறதே!” என்கிறார்கள் சில கனவான்கள்.

கைநாட்டா? அமெரிக்காவில் சிக்கசா என்ற செவ்விந்திய ஜனங்களும்தான் கைநாட்டு வைத்தார்கள். 1830இல் மிசிசிப்பி ராஜ்யம் தன் சட்டத்தை அவர்கள் தலையில் சுமத்தியது. அதே ஆண்டு ஜனாதிபதி ஜாக்சன் அவர்களை மேற்கே அப்புறப்படுத்தச் சட்டம் கொண்டு வந்தார். கழுத்தில் இப்படிக் கயிற்றைப் போட்டுவிட்டு, 1832 அக்டோபரில் பொன்டோடாக் ஓடைக்கரையில் உடன்படிக்கை. மிசிசிப்பி நதிக்குக் கிழக்கே இருந்த பூமி முழுவதும் பறிபோயிற்று. நிலத்தை விற்றுப் பணம் தருவோம் என்றார்கள். அளந்த செலவையும் விற்ற செலவையும் அதிலேயே கழித்துக் கொண்டார்கள்! குடியேற வேறு இடம் கேட்டு, 1837இல் சாக்டா ஜனங்களுக்கு 5,30,000 டாலர் கொடுக்க வேண்டி வந்தது. சொந்த மண்ணை விட்டு வந்தவன் ஒண்டுவதற்கு விலை கொடுத்தான். இதுவும் ‘மனமொப்பி’ நடந்ததுதான்.

நம் மலையில் துப்பாக்கி தேவைப்படவில்லை. கடனே போதும். சாமையும் தினையும் விளைந்த மேட்டில் மரவள்ளி வந்தது. கிழங்கு சேகோ ஆலைக்கு இறங்குகிறது. விலை ராசிபுரத்திலும் சேலத்திலும் முடிவாகிறது. விலை விழுந்த வருஷம் வியாபாரியிடம் முன்பணம். வீட்டில் ஒரு நோயாளி, ஒரு கல்யாணம் என்றால் நிலம் போக்கியத்துக்குப் போகிறது. தவணை தவறினால் போக்கியம் கிரயமாகிறது. கீழ்நாட்டான் நேரே வாங்க முடியாத இடத்தில் பினாமி நிற்கிறான். மிளகும் காப்பியும் விளைந்த தோட்டம் கைமாறி, நேற்றுவரை உடையவனாக இருந்தவன் அதே தோட்டத்தில் கூலிக்கு மிளகு பறிக்கிறான்.

சட்டம் தடுக்காதா என்று கேட்பீர்கள். இங்கேதான் வெட்கக்கேடு. 1917இலேயே சென்னை மாகாண வெள்ளை சர்க்கார், கஞ்சம், விசாகப்பட்டினம், கோதாவரி ஏஜென்சிப் பகுதிகளில் மலைவாசி நிலத்தை வெளியார் வாங்குவதைக் கட்டுப்படுத்தச் சட்டம் செய்தது. அங்கே கலகம் வெடிக்கும் என்ற பயம்! கொல்லிமலை சாது மலை, அதற்கு ஒன்றுமில்லை. ஆந்திரத்தில் 1959 சட்டத்தை 1970இல் இறுக்கினார்கள். கேரளம் 1975இல் சட்டம் செய்தது. அமல் நடத்தாமல் இழுத்தடித்த கதை வேறு. தமிழ்நாட்டிலோ அரசியல் சாசனத்தின் ஐந்தாவது அட்டவணையில் சேர்ந்த பகுதி ஒன்றுகூட இல்லை. பழங்குடி நிலம் கைமாறுவதைத் தடுக்கத் தனிச் சட்டமும் இல்லை. சர்க்கார் ஒப்படை செய்த நிலத்தை விற்கக்கூடாது என்று ரெவின்யூ போர்டு நிலையாணை ஒன்று இருக்கிறது. அது சட்டசபை செய்த சட்டமல்ல, வெறும் உத்தரவு. பட்டா நிலத்துக்கு அந்தப் பாதுகாப்பும் கிடையாது.

2006 வன உரிமைச் சட்டம் வந்தபோது மலைமக்கள் மனம் குளிர்ந்தார்கள். அதையும் 2008இல் கோர்ட்டின் இடைக்கால உத்தரவு மறித்தது. உரிமைப் பத்திரம் கொடுக்க வழி திறக்க 2016 ஆயிற்று.

நாம் யாசகம் கேட்கவில்லை. கொல்லிமலையின் 14 ஊராட்சிகளிலும் பழங்குடியல்லாதார் பெயரில் இருக்கும் நிலம் எத்தனை ஏக்கர், எந்தப் பத்திரத்தின் பேரில் வந்தது என்று ஊர்வாரியாகக் கணக்கு வெளியிடு! கடனுக்காகப் பறிபோன நிலத்தை மீட்டுக் கொடுக்கும் ஷரத்தோடு சட்டசபையில் மசோதா கொண்டு வா! அடுத்த ஆடியில் எழுபது வளைவு ஏறி வரும் மந்திரி, ஓரிக்கு மாலை போடும் முன் மசோதா எங்கே என்று செம்மேட்டு ஜனங்களுக்குச் சொல்லட்டும்.