களிமண் தானாக எழுந்து போகுமா?

வோங் கார் வாயைப் பற்றி நம் நண்பர்கள் எழுதுவதைத் தொடர்ந்து படித்து வருகிறேன். நிறம் வருகிறது, காலம் வருகிறது, ஏக்கம் வருகிறது. 'இன் த மூட் ஃபார் லவ்' (2000) படத்தில் மேகி சியுங் உடுத்தும் உடைகளின் வர்ணனைகூட வருகிறது. மேகி சியுங் மட்டும் வருவதில்லை. வந்தாலும் 'டைரக்டர் வார்த்தெடுத்த முகம்' என்ற அளவோடு சரி. நடிகை களிமண், டைரக்டர் குயவன் என்ற இந்தச் சித்தாந்தம், படத்தைச் சரியாகப் பார்க்காதவர்களுக்கும் எழுத ஒரு சௌகரியம் செய்து கொடுக்கிறது.

விவரங்களைப் பார்ப்போம். 1964இல் ஹாங்காங்கில் பிறந்து இங்கிலாந்தில் வளர்ந்தவர். 1983இல் ஹாங்காங் அழகிப் போட்டியில் இரண்டாமிடம். பிறகு, அவசர அவசரமாகத் தயாரான வியாபாரப் படங்கள். 'போலீஸ் ஸ்டோரி'யில் (1985) அவருக்கு வேலை, ஜாக்கி சானிடம் கோபித்துக்கொள்வதும் அலறுவதும்தான். இரண்டாம் பாகத்தின் (1988) படப்பிடிப்பில் தலையில் காயம். அதே 1988இல் வோங்கின் முதல் படம், 'ஆஸ் டியர்ஸ் கோ பை'. அதிலிருந்துதான் தாம் நடிக்கத் தொடங்கியதாக அவரே சொல்லியிருக்கிறார். குயவன் கட்சியினர் இதைப் பிடித்துக்கொள்வார்கள். வோங் வழி திறந்தார் என்பதை நான் மறுக்கவில்லை. வோங் இல்லாத படங்களில் நடந்ததற்கு யார் பொறுப்பு?

பீட்டர் சானை யாரும் மேதை என்பதில்லை. அவருடைய 'காம்ரேட்ஸ்: ஆல்மோஸ்ட் எ லவ் ஸ்டோரி' (1996) ஒரு ஜனரஞ்சகக் காதல் படம். பெருநிலத்திலிருந்து வந்து, ஹாங்காங்காரியாகவே பாவனை செய்து பிழைக்கும் பெண், ஏடிஎம் திரையில் தன் சேமிப்பைப் பார்க்கிறாள். 1987 பங்குச் சந்தைச் சரிவில் அது கரைந்துபோகிறது. நான் வங்கிக் கவுண்டரில் உட்காருகிறவன். பாஸ்புத்தகத்தின் கடைசி வரியைப் பார்க்கும் முகங்கள் எனக்குப் பரிச்சயம். அந்த முகம் இந்தப் படத்தில் இருக்கிறது. பின்னால் ஒரு பிணவறை. செத்துக் கிடக்கும் தாதாவின் முதுகில், அவளைச் சிரிக்கவைக்க அவன் குத்திக்கொண்ட மிக்கி மவுஸ் பச்சை. அவள் சிரிக்கிறாள், அந்தச் சிரிப்பே உடைந்து அழுகையாகிறது. இதை எந்த எடிட்டிங் மேஜையிலும் தயாரிக்க முடியாது.

ஸ்டான்லி க்வானின் 'சென்டர் ஸ்டேஜ்' (1991) ஷாங்காய் மௌனப்பட நடிகை ருவான் லிங்யூவைப் பற்றியது. 1935 மார்ச் 8 அன்று, 24 வயதில் தற்கொலை செய்துகொண்டவர் அவர். ருவானுக்கும் ஆரம்பத்தில் பூச்சாடி வேஷங்களே கிடைத்தன என்று படத்துக்குள்ளேயே க்வான் சொல்ல, என்னைப் போலத்தானே என்று மேகி சியுங் சிரிக்கிறார். 'புதிய பெண்கள்' படத்தின் மரணப் படுக்கைக் காட்சியை அவர் மறுபடி நடிக்கும்போது, ஷாட் முடிந்தும் போர்வைக்கு அடியில் அழுகை நிற்பதில்லை. அழுவது கதாநாயகியா, ருவானா, மேகி சியுங்கா? கேள்வி க்வானுடையது. அதற்கு லேசான பதில் கிடைக்காமல் செய்தது அந்த அழுகை. இந்த வேஷத்துக்கு 1992இல் பெர்லின் விழாவில் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடி கிடைத்தது. 2004இல் ஒலிவியே அஸ்ஸாயஸின் 'க்ளீன்' படத்துக்குக் கான் விழாவின் பரிசு. மூன்று டைரக்டர்கள், மூன்று திரைமொழிகள். பொதுவாக இருப்பது ஒருவர்தான்.

ருவான் இறந்த 1935இல் லூ சுன் ஒரு கட்டுரை எழுதினார். வலியவர் முன் பணிந்துபோகும் பத்திரிகைகள், திருப்பி அடிக்க முடியாத ஒரு பெண்ணிடம் பலத்தைக் காட்டின என்பது அவர் குற்றச்சாட்டு. நாம் வம்பு எழுதுவதில்லை, உண்மை. ஆனால் உழைத்தவரின் உழைப்பை வேறொருவர் கணக்கில் வரவு வைக்கிறோம். இது அதைவிட நாகரிகமான அநியாயம், அவ்வளவே.

'க்ளீ'னுக்குப் பிறகு, நாற்பது வயதில், அவர் நடிப்பை ஏறக்குறைய விட்டுவிட்டார். உடனே, ஒரு முகம் வீணாயிற்று என்று ஒப்பாரி. தன் தொழிலைத் தெரிந்தவர் போதும் என்று முடிவு செய்ததை இவர்களால் புரிந்துகொள்ள முடியவில்லை. களிமண் தானாக எழுந்து போகாது அல்லவா?

அடுத்த முறை வோங்கைப் பற்றி எழுதும் நண்பர், ஒரே ஒரு ஷாட்டிலாவது அந்த நடிகை என்ன செய்தார் என்று எழுதட்டும். முடியாவிட்டால் படத்தை மறுபடி பார்க்கட்டும்.