டீக்கடை பெஞ்சும் அனுபவ அறிவும்

பிரிட்டனில் ஒரு லேசர். ‘டீ லேசர்’ என்று பெயர், சிரிக்காதீர்கள். ஆய்வுக் கட்டுரையை மட்டும் படித்து அதை யாராலும் இயங்கவைக்க முடியவில்லை. ஏற்கெனவே செய்தவர்களோடு பேசிப் பழகியவர்களுக்கே அது கைகூடியது என்று 1974இல் சமூகவியலாளர் ஹாரி காலின்ஸ் எழுதினார்.

எங்கள் ஆலையிலும் அதே கதைதான். சிஎன்சி எந்திரத்தின் கையேடு என் மேசையில் இருந்தது. உள்விட்டம் கடையும்போது டூல் அதிர்ந்தால் வேகத்தை எவ்வளவு குறைப்பது என்பது மட்டும் கேட்டுக்கு வெளியே, டீக்கடை பெஞ்சில், சிகரெட் புகைக்கு நடுவே கைமாறியது. ‘நீங்களும் வரலாமே மேடம்’ என்றார்கள். போனேன். பேச்சு கிரிக்கெட்டுக்குத் தாவியது.

ஆண்டு மதிப்பீட்டில் எனக்கு ‘அனுபவ அறிவு போதாது’ என்று எழுதினார்கள். எங்களுக்குத் தனிப் பயிற்சி வகுப்பு வேண்டாம். அந்தப் பேச்சை வேலை நேரத்தில், எந்திரத்துக்குப் பக்கத்தில் நின்று பேசுங்கள்.