நான்காவது மூலை

தந்தையாரின் நிழற்படத்துக்குத் தேக்கிலே சட்டமொன்றை என் கையாலேயே செய்ய விரும்பினேன். மூன்று மூலைகள் இறுகப் பொருந்தின. நான்காவது வாயைப் பிளந்து நின்றது. மரத்தைக் குறை கூறினேன். குற்றம் மரத்தினதன்று.

என்னிடமுள்ள மின்வாள் சிறியது. அதன் வட்டத் தகடு 7¼ அங்குலம். 'ஸ்லைடிங் கொம்பவுண்ட் மைட்டர் சோ' என்பர் கடைக்காரர். தகட்டை இடம் வலமாகத் திருப்பலாம், சாய்க்கலாம், இரண்டையும் ஒருங்கே செய்யலாம். தண்டுகளின்மேல் முன்னும் பின்னும் சறுக்குவதால் அகன்ற பலகையையும் அரியும்.

சட்டத்துக்கு எட்டு வெட்டுக்கள். வாளை ஒரே பக்கம் திருப்பி, மரத்தைப் புரட்டிப் புரட்டி அரிந்தேன். வெட்டுக்கு அரைப் பாகையாகப் பிழை சேர்ந்து, கடைசி மூலையில் நான்கு பாகையாயிற்று! மரத்தை அணைத்து நிறுத்தும் பின்தாங்கியின் திருகுகள் தளர்ந்திருந்தன. அளவுகோலோ 45 என்றே காட்டியது.

இதனைச் சோதிப்பது எளிது. வாளைப் பூச்சியத்தில் நிறுத்தி, விளிம்புகள் ஒத்த பலகையொன்றை அரியுங்கள். ஒரு துண்டைக் குப்புறப் புரட்டி, நேர்கோலின் ஓரமாக வெட்டுமுகங்களைச் சேருங்கள். பிழை இருமடங்காகத் தெரியும்.

வேலை முடிந்ததும் மின்தொடுப்பைக் கழற்றிவிட்டுத் தண்டுகளை உலர்ந்த துணியால் துடைக்கவேண்டும். கிறீஸ் பூசாதீர்கள், மரத்தூள் ஒட்டிச் சேறாகிவிடும். பற்களிலே பிசின் படிந்தாலும் தகடு மழுங்கியதுபோல மரத்தைக் கருக்கும். புதுத் தகடு வாங்குமுன், பழையதைக் கழற்றிக் கழுவிப் பாருங்கள்.

படத்துக்கு இரண்டாவது சட்டம் செய்தேன். முதலாவது சுவரோரம் சாய்ந்து கிடக்கிறது. தேக்கு விற்கும் விலையில் எறிய மனம் வரவில்லை.