கனவு ஊருக்கு வழி எப்படி?

பி.காம். முடித்துப் பதினைந்து வருஷம் ஆகிவிட்டது. இன்னமும் அந்தக் கனவு வருகிறது. பரீட்சை ஹால். கையில் ஹால் டிக்கெட் இல்லை. எதிரே ஒரு ட்ரயல் பேலன்ஸ். டெபிட்டும் கிரெடிட்டும் பதினெட்டு ரூபாய் இடிக்கிறது. தேடு தேடு என்று தேடுகிறேன். மணி அடிக்கிறது. எழுந்து பார்த்தால் செல்போன் அலாரம்.

"கனவுலகத்துக்கு ஒரு மேப் இருந்தா தேவலை. வேண்டாத தெருவுக்குள்ள போகாம தப்பிச்சுக்கலாம்" என்று பாங்கில் வேலை பார்க்கும் நண்பரிடம் சொன்னேன். பேய்க்கதைப் பிரியர் அவர்.

"ஒருத்தன் ஏற்கெனவே போட்டுப் பார்த்துட்டான் ஸார். அவன் கதி என்னாச்சுன்னு படிச்சுட்டு வாங்க" என்று ஒரு புஸ்தகத்தைத் திணித்தார்.

அந்த ஒருத்தன், வால்டர் கில்மன். கற்பனை ஆசாமி. அமெரிக்க எழுத்தாளர் ஹெச்.பி. லவ்கிராஃப்ட் 1932-ல் எழுதி, 1933 ஜூலை 'வியர்ட் டேல்ஸ்' பத்திரிகையில் வந்த 'சூனியக்காரி வீட்டுக் கனவுகள்' கதையின் நாயகன். ஆர்க்கம் என்ற கற்பனை ஊரில் கணிதம் படிக்கும் மாணவன்.

நாமெல்லாம் வாடகைக்கு வீடு பார்க்கப் போனால் தண்ணி வருதா, கரண்டுக்குத் தனி மீட்டரா என்று கேட்போம். கில்மன் பார்த்தது, சுவர் எவ்வளவு சாய்ந்திருக்கிறது என்பதை! அந்த அறையில் ஒரு காலத்தில் இருந்தவள் கெஸையா மேஸன் என்ற கிழவி. 1692-ல் சேலம் ஊரில் நடந்த சூனியக்காரி வழக்குகளில் மாட்டி, சிறைச் சுவரில் சில கோடுகளையும் கோணங்களையும் வரைந்து, அப்படியே மாயமாகிவிட்டாள் என்பது கதை. பிளாங்க், ஐன்ஸ்டைனுக்கெல்லாம் எட்டாத கணக்கு அவளுக்குத் தெரிந்திருக்குமோ என்று கில்மனுக்குச் சந்தேகம். ராத்திரி தூங்குகிறான். சாய்ந்த சுவர் வழியாகக் கனவு திறக்கிறது.

அங்கே போயும் பையன் சும்மா இருப்பதில்லை. மிதந்து வருகிற வடிவங்களையெல்லாம் இனம் பிரிக்கிறான். நாலாவது பரிமாணம் வழியாகப் பிரபஞ்சத்தில் எங்கே வேண்டுமானாலும் போகலாம், இரண்டே படிதான் என்று வகுப்பில் விளக்குகிறான். முதல் படி, நம் உலகத்தைவிட்டு வெளியே. இரண்டாவது படி, வேறோர் இடத்தில் உள்ளே. கேட்க சுலபமாக இருக்கிறது. சிக்கல் என்னவென்றால், இறங்கும் இடம் அவன் கையில் இல்லை. கிழவி இழுத்த இழுப்பு.

ஒரு நாள் கனவில் ஒடித்த சின்ன உலோக பொம்மை, விழித்த பிறகு அவன் அறையிலேயே கிடக்கிறது. தூக்கத்தில் நடக்கிறோமோ என்று தரையில் மாவு தூவி வைக்கிறான். நம் வீட்டில் கிருஷ்ண ஜெயந்திக்கு மாவில் பாதம் போட்டு, வாப்பா என்று கூப்பிடுவோம். இவனுக்கு வந்து சேர்ந்தது மனுஷ மூஞ்சி வைத்த எலி. அது கடைசியில் அவன் இதயத்தையே கடித்து எடுத்துவிடுகிறது.

இதில் ஒரு வேடிக்கை. லவ்கிராஃப்டுக்குச் சின்ன வயதில் வானவியல் விஞ்ஞானியாக ஆசை. கணக்குதான் காலை வாரிவிட்டது. பள்ளிப் படிப்பையே முடிக்கவில்லை. கணக்கில் தோற்றவர், கணக்கு மாணவனைக் கனவுக்குள் அனுப்பி உதைபட வைத்திருக்கிறார்!

நிஜ விஞ்ஞானம் கனவின் வாசலைத் தொட்டது 1953-ல். சிகாகோவில் அஸெரின்ஸ்கி, க்ளைட்மன் என்ற இருவர், தூங்குகிறவர்களின் கண்கள் சில நேரம் மூடிய இமைக்குள் வேகமாக ஓடுவதைக் கண்டுபிடித்தார்கள். அப்போது எழுப்பினால் பெரும்பாலும் கனவைச் சொல்கிறார்கள். இந்தக் கட்டம் ராத்திரியில் பல தடவை வந்து போகும். விடிய விடிய நீளும். விடிகாலைக் கனவு பலிக்கும் என்று பாட்டி சொன்னாளே, பலிக்கிறதோ இல்லையோ, ஞாபகம் இருப்பது அதுதான்.

கணக்கும் கனவும் என்றால் நம்மூர்க்காரரை விட முடியுமா? 1912-ல் சென்னைத் துறைமுகத்தில் மாதம் 30 ரூபாய் சம்பளத்துக்குக் கிளார்க்காக இருந்த ராமானுஜன், நாமக்கல் நாமகிரித் தாயார் கனவில் வந்து சூத்திரங்களைத் தருவதாக நண்பர்களிடம் சொல்லியிருக்கிறார். விழித்ததும் எழுதி வைத்துக்கொள்வாராம். கேம்பிரிட்ஜில் ஹார்டியிடம் கனவு சாட்சி செல்லவில்லை. நிரூபணம் வேண்டும் என்றார். கில்மனுக்கும் ராமானுஜனுக்கும் வித்தியாசம் அங்கேதான். ஒருவர் கனவுக்குள்ளேயே போய்விட்டார். மற்றவர் அங்கிருந்து கொண்டுவந்ததைப் பகலில் வேலை வாங்கினார்.

புஸ்தகத்தைத் திருப்பிக் கொடுத்தபோது நண்பர் கேட்டார்: "நிஜமாச் சொல்லுங்க, மேப் எதுக்கு? பரீட்சைக்குப் பயந்தா?"

மழுப்பிவிட்டேன். உங்களிடம் சொல்கிறேன்.

அப்பா மளிகை மண்டியில் கணக்குப்பிள்ளை. கணக்கு இடித்தால் முதலில் வித்தியாசத்தை ஒன்பதால் வகுத்துப் பார் என்பார். மீதியில்லாமல் வகுபட்டால், எங்கேயோ இலக்கத்தை இடம் மாற்றி எழுதியிருக்கலாம். 53-ஐ 35 என்று போட்டிருந்தால் பதினெட்டு ரூபாய் இடிக்கும். பகலில் இது எனக்கு அத்துப்படி. கனவில் மட்டும் தோன்றாது.

அவர் போய் நாலு வருஷம் ஆகிறது. கனவில் ஒரே ஒரு தடவை வந்தார். பழைய வீட்டுத் திண்ணை. மடியில் பேரேடு. நிமிர்ந்து ஏதோ கேட்டார். என்னவென்று புரிவதற்குள் அலாரம்.

அந்தத் திண்ணைக்குத்தான் வழி வேண்டும்.

இப்போது தலையணைக்கடியில் ஒரு நோட்டு இருக்கிறது. பதினொரு கனவு எழுதியாகிவிட்டது. ஏழு பஸ்ஸைத் தவறவிட்டது. மூன்று பரீட்சை. ஒன்று தோசை. திண்ணை இன்னும் வரவில்லை.

"ஆறு மணிக்குத்தானே அலாரம்?" என்றாள் மனைவி நேற்று.

"ஆறரைக்கு வை" என்றேன்.