மாத்திரையும் இருப்புச் சரக்குதான்



துவரம்பருப்பு இன்னும் இரண்டு நாளைக்குத்தான் வரும் என்றால் உடனே மண்டிக்கு ஆள் அனுப்புகிறோம். இருதயத்துக்கு டாக்டர் எழுதிய மாத்திரை தீர்ந்தால் மட்டும், "சீசன் முடியட்டும், பார்ப்போம்" என்கிறோம். இது ஆபத்தான சிக்கனம்.

அட்டெனலால், மெட்டோபுரோலால், புரோப்ரனலால் ஆகியவை 'பீட்டா பிளாக்கர்' வகை மாத்திரைகள். ரத்தக் கொதிப்பு, நெஞ்சுவலி, படபடப்புக்குத் தரப்படுபவை. அட்ரினலின் இருதயத்தை விரட்டாமல் இவை தடுக்கின்றன. நாள்பட்டுச் சாப்பிடும்போது, இருதயத்தில் அட்ரினலினை ஏற்கும் இடங்கள் பெருகிவிடுகின்றன. திடீரென நிறுத்தினால், அத்தனை இடங்களும் தடையின்றித் திறந்துகொள்கின்றன. நாடித்துடிப்பும் ரத்த அழுத்தமும் எகிறும். ரத்தக்குழாய் அடைப்பு உள்ளவருக்கு நெஞ்சுவலி கூடும், மாரடைப்பே வரலாம். 1975-லேயே மருத்துவ இதழ்கள் இதை எச்சரித்துள்ளன.

"பிரஷர் நார்மல்" என்றதும் நிறுத்துவோரும் உண்டு. நார்மலாக வைத்திருப்பதே அந்த மாத்திரைதானே! நிறுத்தியே ஆகவேண்டுமானால், டாக்டர் பொதுவாக ஒன்றிரண்டு வாரங்களில் அளவைப் படிப்படியாகக் குறைப்பார். நாமாக முடிவு செய்யக்கூடாது.

ஒரு வாரத்துக்கான மாத்திரை எப்போதும் கையிருப்பில் இருக்கட்டும். கொள்முதலுக்கு வெளியூர் போகும்போது பணப்பையோடு அதுவும் வரட்டும். நிறுத்திய பின் நெஞ்சு வலித்தால், கடையை அடைக்கும்வரை காத்திராமல் ஆஸ்பத்திரிக்குச் செல்லுங்கள்.

சங்கங்கள் நடத்தும் மருத்துவ முகாம்களில் பிரஷர் பார்ப்பதோடு நில்லாமல், இதையும் எடுத்துச் சொல்ல வேண்டும் என்பது என் கருத்து. கடைச் சரக்கு தீர்ந்தால் ஒருநாள் வியாபாரம்தான் போகும். இந்தச் சரக்கு தீர்ந்தால் முதலாளியே போய்விடுவார்.